வண்டிப்பாதையை வேலி போட்டு அடைத்துவிட்டார்கள், அவசரம்

வரப்புமேடு:
எங்கள் வயலுக்குப் போகும் வண்டிப்பாதையில் பக்கத்து நிலத்துக்காரர் கல்கால் நட்டு முள்கம்பி கட்டிவிட்டார். அறுவடை மெஷின் உள்ளே போக வழியில்லை, நெல் சாய ஆரம்பித்துவிட்டது. தாத்தா காலத்துப் பாதை. கேட்டால் வருவாய்த்துறை கொடுத்த பி மெமோ என்ற காகிதம் இருக்கிறது என்கிறார். யார் மேல் கேஸ் போடுவது? சீக்கிரம் சொல்லுங்கள்.

காவிரிக்கரை:
எந்த மாவட்டம்? ஊராட்சியா, பேரூராட்சியா? ஏ பதிவேட்டில் (கிராம நிலக் கணக்கு) அந்தப் புல எண்ணுக்கு என்ன வகைப்பாடு போட்டிருக்கிறது? இது தெரியாமல் யாரும் பதில் சொல்ல முடியாது.

தெற்குத்தெரு:
பதிவேடெல்லாம் அப்புறம். 20 வருடம் தடையில்லாமல் நடந்திருந்தால் 1882 வசதியுரிமைச் சட்டத்தில் அந்தப் பாதையில் போய்வரும் உரிமை உங்களுக்கு உண்டு. நேராக முன்சீப் கோர்ட்டில் தடையாணை கேளுங்கள்.

பழையகணக்கு:
இங்கே வருகிறவர்களில் பாதிப்பேர் புலப்படம் (நில அளவை வரைபடம்) கூடப் பார்க்காமல் கோர்ட் வாசலுக்கு ஓடுகிறார்கள். தம்பி, வசதியுரிமையில் அந்த 20 வருடக் கணக்கு என்பது பாதை இன்னொருவர் பட்டா நிலத்தில் ஓடினால்தான். வண்டிப்பாதைப் புறம்போக்கு என்றால் அது அரசு நிலம், 1905 நில ஆக்கிரமிப்புச் சட்டம் வரும். பிரிவு 7இல் நோட்டீஸ், விளக்கம் சரியில்லையென்றால் பிரிவு 6இல் அகற்றுதல். இதைத் தாசில்தாரே செய்யலாம். இணையத்தில் ஏ பதிவேடும் புலப்படமும் கிடைக்கும், முதலில் அதைப் பாருங்கள்.

வரப்புமேடு:
ஊராட்சிதான். திருவாரூர் மாவட்டம்.

காவிரிக்கரை:
புல எண்?

கொல்லைப்புறம்:
எதற்கு இவ்வளவு? ஜேசிபியைக் கூப்பிட்டுப் பிடுங்கிப் போடுங்கள்.

பழையகணக்கு:
பிடுங்கினால் இவர் மேல்தான் முதல் வழக்கு வரும். யோசனை சொல்கிறவர் ஜாமீனுக்கு வருவாரா?

குறைதீர்நாள்:
அறுவடை அவசரம் என்பதால் சொல்கிறேன். பொதுவழியை மறித்தால் ஆர்டிஓவுக்கே (வருவாய்க் கோட்டாட்சியர்) அதிகாரம் உண்டு. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 133 என்று இருந்தது, 2024 ஜூலையிலிருந்து அதற்குப் பதிலாக வந்த நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் பிரிவு 152. மறிப்பை அகற்றச் சொல்லி நிபந்தனை உத்தரவு போடுவார், எதிர்த்தரப்பு வந்து காரணம் சொல்ல வேண்டும். தாசில்தாருக்கு ஒரு மனு, ஆர்டிஓவுக்கு ஒரு மனு, திங்கட்கிழமை கலெக்டர் ஆபீஸில் ஒரு மனு கொடுங்கள். மூன்றுக்கும் ரசீது வாங்காமல் வராதீர்கள். பின்னால் ஐகோர்ட்டில் ரிட் போட்டாலும் பெரும்பாலும் 'மனுவை இத்தனை வாரத்தில் பரிசீலியுங்கள்' என்றுதான் உத்தரவு வரும். மனுவே கொடுக்காமல் போனால் அதுவும் கிடைக்காது.

தெற்குத்தெரு:
பி மெமோ இருக்கிறதே, அதற்கு என்ன சொல்கிறீர்கள்? எங்கள் ஊரில் பி மெமோ வைத்திருந்தவர்களுக்குப் பட்டாவே கொடுத்தார்கள்.

பழையகணக்கு:
உங்கள் ஊரில் கொடுத்தது குடியிருப்பு நத்தமாக இருக்கும். பி மெமோ ஆக்கிரமிப்புக்கு விதித்த அபராதத்தின் கணக்கு. 'நான் ஆக்கிரமித்தேன்' என்று அவரே காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு காட்டுகிறார்! 2011இல் ஜக்பால் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகவே சொல்லிவிட்டது: நெடுங்காலம் அனுபவித்ததோ பணம் போட்டுக் கட்டியதோ பொது நிலத்தை வைத்துக்கொள்ளக் காரணம் ஆகாது.

தெற்குத்தெரு:
நத்தமும் புறம்போக்குதானே, அதுவும் அரசு நிலம்தான்.

பழையகணக்கு:
இல்லை. கிராம நத்தம் குடியிருப்புக்கானது, அரசுக்குச் சொந்தமில்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. 1905 சட்டத்தை வைத்து நத்தத்தில் இருக்கிறவரைக் காலி செய்ய முடியாது.

தெற்குத்தெரு:
அப்படியானால் எங்கள் தெருவில் நத்தத்தில் இருந்தவர்களுக்கு ஏன் நோட்டீஸ் வந்தது?

கொல்லைப்புறம்:
அண்ணே, நெல்லை மறந்துவிட்டு நத்தத்துக்குப் போய்விட்டீர்கள்.

வரப்புமேடு:
ஏ பதிவேட்டைப் பார்த்தேன். வண்டிப்பாதை என்றுதான் போட்டிருக்கிறது. இரண்டு இடத்தில் மனு கொடுத்தாயிற்று, சர்வேயரை அனுப்புவதாகச் சொன்னார்கள். அறுவடைக்கு இப்போதைக்கு மேற்கு வயல் சித்தப்பா அவர் வரப்பை வெட்டி வழி விட்டிருக்கிறார். நன்றி.

குறைதீர்நாள்:
அளக்கும் நாளில் நீங்களும் நில்லுங்கள். அளவு அறிக்கை நகல் கேட்டு வாங்குங்கள், கொடுக்கவில்லையென்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம். சித்தப்பா வழி விட்டார் என்பதற்காக மனுவை விட்டுவிடாதீர்கள், அடுத்த போகத்துக்கு அவர் மனம் மாறலாம்.

ஆற்றோரம்:
எனக்கும் இதே பிரச்சினை, ஆனால் பாசன வாய்க்கால். என்ன செய்வது?

பழையகணக்கு:
மாவட்டம், புல எண், வகைப்பாடு. தனி இழையாகப் போடுங்கள்.