தன்பாலீர்ப்பாளர் வட்டாரங்கள் கரைகின்றனவா? அப்படியொன்று உருவாகாத மதுரையில் என்ன நிலை?

கேள்வி: மாசி வீதி மாணவி

அனைவருக்கும் வணக்கம். மதுரையில் சமூகவியல் முதுகலை படிக்கிறேன். தன்பாலீர்ப்பாளர்கள் செறிந்து வாழ்ந்த நகர வட்டாரங்களைப் பற்றிப் பருவக் கட்டுரை ஒன்று எழுத வேண்டியிருக்கிறது. சான் பிரான்சிஸ்கோவின் காஸ்ட்ரோ, நியூயார்க்கின் கிரீனிச் வில்லேஜ், லண்டனின் சோஹோ, பாரிஸின் மரே என எதைப் பற்றிப் படித்தாலும், அவ்வட்டாரங்களின் காலம் முடிந்துவிட்டது என்ற பேச்சே முதலில் வந்து நிற்கிறது. உரிமைகள் கிடைத்தபின் தேவை தீர்ந்துவிட்டது என்கிறார்கள் சிலர். வாடகை ஏறியதால் குடியிருந்தவர்கள் வெளியேற நேர்ந்தது என்கிறார்கள் வேறு சிலர். இவற்றில் எது சரி? அப்படியொரு வட்டாரமே உருவாகாத நம் ஊரில், அவை செய்த வேலையை இன்று எது செய்கிறது? இந்த இரண்டாவது கேள்வி கட்டுரையின் எல்லைக்குள் வராது என்கிறார் என் வழிகாட்டி. எனக்கோ அதை விட மனமில்லை.

பதில் 1: ஓய்வுபெற்ற நூலகர்

விடாதீர்கள். ஆனால் தேவை தீர்ந்ததா என்று கேட்பதற்கு முன், தேவை என்னவாக இருந்தது என்பதைப் பார்த்துவிடுவது நல்லது. ஒரே வட்டாரம் காலத்துக்குக் காலம் வெவ்வேறு வேலையைச் செய்திருக்கிறது. இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் தன்பாலீர்ப்பின் பெயரால் படையிலிருந்து நீக்கப்பட்ட அமெரிக்க வீரர்களில் பலர், சொந்த ஊருக்குப் போய் முகம் காட்டத் துணிவில்லாமல், கப்பல் இறக்கிவிட்ட சான் பிரான்சிஸ்கோவிலேயே தங்கிவிட்டார்கள். பின்னர் ஐரிஷ் வழித் தொழிலாளர் குடும்பங்கள் புறநகர்களுக்குப் பெயர்ந்தபோது, காஸ்ட்ரோ பகுதியின் பழைய மரவீடுகள் மலிவாகக் கிடைத்தன. தொடக்கம் இவ்வளவுதான்: கட்டுப்படியாகும் வீடு, அருகிலேயே தம்மைப் போன்றவர்கள்.

அந்த நெருக்கம் வாக்காக மாறிய விதத்தைக் கட்டுரையில் விரிவாகவே எழுதுங்கள். காஸ்ட்ரோவில் கேமராக் கடை நடத்திய ஹார்வி மில்க், 1973இலும் 1975இலும் நகர மேற்பார்வையாளர் குழுவுக்குப் போட்டியிட்டுத் தோற்றார். அன்றைய முறையில் குழு உறுப்பினர்களை நகரம் முழுவதும் சேர்ந்தே தேர்ந்தெடுத்தது. 1977இல் தொகுதிவாரித் தேர்தல் வந்ததும், அதே மில்க் வென்றார். மதுரை மாநகராட்சியின் 100 வார்டுகளையும் கலைத்துவிட்டு, எல்லாக் கவுன்சிலர்களையும் ஊர் முழுவதும் சேர்ந்து தேர்ந்தெடுப்பதாக வைத்துக்கொண்டால், செல்லூர் நெசவாளரின் வாக்கு எங்கே கரைந்துபோகும் என்று எண்ணிப் பாருங்கள், விஷயம் விளங்கிவிடும். 1978 நவம்பர் 27 அன்று மில்க்கும் மேயர் ஜார்ஜ் மாஸ்கோனியும் நகர மன்றத்திலேயே சுட்டுக் கொல்லப்பட்டார்கள். 1980இல் தொகுதி முறையும் கைவிடப்பட்டது. அது திரும்பிவர 2000 ஆயிற்று.

எய்ட்ஸ் வந்தபோது அதே தெருக்களுக்கு மூன்றாவது வேலை வந்து சேர்ந்தது. 1983இல் சான் பிரான்சிஸ்கோ பொது மருத்துவமனையில் எய்ட்ஸ் நோயாளிகளுக்கெனத் தனிப் பிரிவு திறக்கப்பட்டது. பெற்றோரே தொட அஞ்சியவர்களின் கையைப் பிடித்துக்கொண்டு அங்கே உட்கார்ந்திருந்தவர்களில் பலர், நண்பர்களும் தன்னார்வலர்களுமாக இருந்தார்கள். அடுத்தடுத்த தெருக்களில் வாழாத ஒரு சமூகம் இதை அவ்வளவு விரைவாகச் செய்திருக்குமா என்பது எனக்கு ஐயமே.

பதில் 2: திருமங்கலத்திலிருந்து லண்டனுக்கு

நூலகர் ஐயா சொன்னதற்குப் பிந்தைய கதையை நான் சொல்கிறேன். லண்டன் யுனிவர்சிட்டி காலேஜ் ஆய்வாளர்களின் கணக்குப்படி, 2006இல் லண்டனில் 125 ஆக இருந்த பால்புதுமையினர் (தன்பாலீர்ப்பாளர், திருநர் உள்ளிட்டோர்) மதுக்கூடங்களும் நடன அரங்குகளும் 2016இல் 53 ஆகக் குறைந்துவிட்டன. தன்பாலீர்ப்புடைய ஆண்கள் ஒருவரையொருவர் கண்டறிய 2009இல் வந்த கிரைண்டர் என்ற கைபேசிச் செயலியின்மீது பழியைப் போடுவது எளிது. ஆளைத் தேடித் தெருவுக்கு வரவேண்டிய கட்டாயத்தை அது குறைத்தது உண்மைதான். ஆனாலும் மூடப்பட்ட இடங்களில் பலவற்றை, ஆள் வராத குறையைவிட நிலத்தின் விலையே மூடவைத்தது. சேரிங் கிராஸ் சாலையில் இருந்த அஸ்டோரியா அரங்கு, புதிய ரயில் பாதைக்காக 2009இல் இடிக்கப்பட்டது. ஆகவே உங்கள் இரண்டு காரணங்களும் உண்மையே என்றாலும், வாடகைக்குத்தான் நான் கூடுதல் எடை தருவேன்.

உரிமை வந்ததும் ஆபத்து போய்விட்டது என்றும் எழுதிவிடாதீர்கள். சோஹோவின் ஓல்டு காம்ப்டன் தெருவிலுள்ள அட்மிரல் டங்கன் மதுக்கூடத்தில் 1999 ஏப்ரல் 30 அன்று வெடித்த ஆணிக் குண்டு மூன்று உயிர்களைக் கொன்றது. அதே தெருவில் இப்போது சனிக்கிழமை இரவில் நின்றால், தோளில் குறுக்குப் பட்டை அணிந்த மணப்பெண்ணும் தோழிகளும் கல்யாணத்துக்கு முந்தைய கொண்டாட்டத்துக்காகக் கூட்டமாக வந்து நுழைவதைப் பார்க்கலாம். அவர்கள்மீது எனக்குக் கோபமில்லை. ஆனால் யாருக்கான தெரு என்ற கேள்வி அந்த இடத்தில்தான் எழுகிறது. இன்னொன்று: பழுப்புத் தோலுடைய எனக்கு அத்தெரு ஒருநாளும் முழுமையாகச் சொந்தமாக இருந்ததில்லை. பெண்களுக்கு இடம் இன்னும் குறைவு. சிகாகோவில் இத்தகைய வட்டாரத்தின் வணிகர் சங்கமே 2020இல் அவ்வட்டாரத்துக்கு வழங்கிய பாய்ஸ்டவுன் என்ற பெயரை விட்டுவிட்டு நார்த்ஹால்ஸ்டெட் என்று மாற்றிக்கொண்டது, அந்தப் பெயரில் ஆண்கள் மட்டுமே இருக்கிறார்கள் என்று எழுந்த குறையின் பின்னணியில்தான்.

பதில் 3: தெற்குவெளி வீதி

குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். தனி வட்டாரம் என்பதே ஒதுக்கி வைப்பதுபோல் ஆகாதா? எல்லோரும் எல்லாத் தெருவிலும் வாழ்வதல்லவா நல்ல நகரம்?

பதில் 4: வாடகை வீட்டுக்காரன்

ஐயா, எல்லாத் தெருவிலும் வாழலாம்தான், வீடு கொடுத்தால். நான் மதுரையிலேயே பிறந்து வளர்ந்த தன்பாலீர்ப்பாளன் என்பதால், மாணவியின் இரண்டாவது கேள்விக்கு என் அனுபவத்திலிருந்தே பதில் சொல்கிறேன்.

இளவயதில் இரண்டு ஆண்கள் ஓர் அறையில் தங்குவதை நம் ஊர் ஐயப்படுவதே இல்லை. "பேச்சிலர்" என்றால் குடிப்பார்களா, கூட்டம் சேர்ப்பார்களா என்பதுதான் வீட்டுக்காரரின் கவலை. முப்பத்தைந்தைத் தாண்டியபின், வாடகை கொடுக்கப் போகும்போதெல்லாம் "தம்பிக்கு இன்னும் பொண்ணு அமையலையா?" என்ற கேள்வி வரும். பிறகு ஒருநாள், மகன் வெளிநாட்டிலிருந்து வருவதால் வீடு தேவைப்படுவதாகச் சொல்வார்கள். நாம் அட்வான்ஸைத் திரும்ப வாங்கிக்கொண்டு வெளியேறுவோம். அடுத்த மாதமே அதே வாசலில் "குடும்பத்தினருக்கு மட்டும்" என்ற அட்டை தொங்கும். இரண்டு பெண்கள் என்றால் இந்த வயது வரைகூடப் பொறுக்க மாட்டார்கள். அப்பாவின் கைபேசி எண்ணை வாங்கிக்கொண்டுதான் சாவியைக் கொடுப்பார்கள்.

2021இல் உயர் நீதிமன்றம் வரை சென்ற வழக்கை மாணவி அறிந்திருப்பார். அந்த இளம்பெண்கள் இருவரும் மதுரையைச் சேர்ந்தவர்கள். வீட்டாரின் எதிர்ப்புக்கு அஞ்சிச் சென்னைக்குச் சென்று, ஒரு தொண்டு நிறுவனத்தின் ஆதரவில் தங்கி, அங்கிருந்து பாதுகாப்புக் கேட்டார்கள். நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், தமக்கு இவ்விஷயத்தில் போதிய புரிதல் இல்லை என்று வெளிப்படையாகச் சொல்லி, உளவியலாளர் ஒருவரிடம் அமர்ந்து கேட்டறிந்த பிறகு, ஜூன் 7 அன்று விரிவான வழிகாட்டுதல்களை வழங்கினார். அதைத் தொடர்ந்து 2022இல், பால்புதுமையினரைத் துன்புறுத்தக் கூடாது என்று தமிழகக் காவலர் நடத்தை விதிகளும் திருத்தப்பட்டன. இவ்வளவும் நல்லதே. ஆனால் உயர் நீதிமன்றக் கிளையே இருக்கும் ஊரிலிருந்து அவர்கள் வண்டியேற வேண்டியிருந்தது என்பதையும் சேர்த்துப் பாருங்கள். காஸ்ட்ரோ செய்த வேலையை மதுரைக்காரருக்குச் செய்வது சென்னை, அல்லது பெங்களூரு.

ஊரில் ஒன்றுமே இல்லை என்று சொல்ல மாட்டேன். 2012இலேயே மதுரையில் பால்புதுமையினர் பேரணி நடந்திருக்கிறது. ஆள் அறிமுகத்தைக் கைபேசி பார்த்துக்கொள்கிறது. வட்டாரத்துக்கு மிக அருகில் வருவது திருநங்கைகளின் வாழ்முறைதான்: வேறு யாரும் வீடு தராததால் ஜமாத்தாக, அதாவது தமக்குள் அமைத்துக்கொண்ட குழுவாக, சேர்ந்து வாழ்கிறார்கள். கோவில்பட்டியை அடுத்த மந்தித்தோப்பில் அரசின் உதவியோடு அவர்களுக்கென ஒரு குடியிருப்பும் பால் பண்ணையும் அமைந்தன. அதை நான் மதிக்கிறேன், கூரை பெரிய விஷயம். எனினும் காஸ்ட்ரோ டிராம் ஓடும் நகரத்துக்குள் இருந்தது. நம்மிடம் ஒதுக்கப்படும் இடமோ ஊருக்கு வெளியேதான் இருக்கிறது. தெற்குவெளி வீதி ஐயா அஞ்சும் ஒதுக்கல் இதில்தான் எனக்குத் தெரிகிறது.

மாசி வீதி மாணவி

மிக்க நன்றி அண்ணா. கட்டுரையை வாடகை வீட்டின் பக்கமே திருப்பிவிடலாம் என்று தோன்றுகிறது. இவ்வாறு வீடு மறுப்பதைத் தடுக்கும் சட்டம் ஏதும் உண்டா?

வாடகை வீட்டுக்காரன்

திருநர்களுக்கு உண்டு. 2019ஆம் ஆண்டின் திருநர் உரிமைகள் பாதுகாப்புச் சட்டம், வீட்டை வாங்கவோ வாடகைக்கு எடுக்கவோ குடியிருக்கவோ அவர்களுக்குள்ள உரிமையில் பாகுபாடு காட்டுவதைத் தடை செய்கிறது. என்னைப் போன்றவர்களுக்கு அப்படி ஒரு சட்டம் கிடையாது. உச்ச நீதிமன்றத்தின் 2018 செப்டம்பர் 6 தீர்ப்பு எங்கள் உறவைக் குற்றப் பட்டியலிலிருந்து எடுத்ததே தவிர, வீட்டுக்காரரைக் கட்டுப்படுத்தவில்லை. தமிழ்நாட்டின் 2017ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் எழுத்துவடிவ ஒப்பந்தத்தையும் அதன் பதிவையும் வலியுறுத்துகிறது. யாருக்கு மறுக்கக் கூடாது என்பதைப் பேசவில்லை. கட்டுரைக்கு அந்த இரண்டு சட்டங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படியுங்கள். வழிகாட்டியும் மறுக்க மாட்டார்.