சிலுவைப் போருக்குப் போன பொஹெமண்ட் எருசலேமுக்கு ஏன் போகவில்லை?

வடலி:
எங்கட வாசிகசாலையில் வரலாறு பிடித்த கொஞ்சப்பேர் மாதம் ஒருக்கால் கூடிக் கதைப்போம். இந்த முறை முதலாம் சிலுவைப் போர், என் தலையில் விழுந்திருக்கிறது. 1096இல் கிளம்பி 1099 ஜூலை 15இல் எருசலேமைப் பிடித்த வரைக்கும் கதை ஓரளவு விளங்குகிறது. இடறுவது இந்த நோர்மன் இளவரசன் பொஹெமண்ட்தான். அந்தியோக்கியா (இன்றைய துருக்கியில், சிரிய எல்லைக்குக் கிட்ட உள்ள நகரம்) முற்றுகையில் எல்லாருக்கும் முன்னுக்கு நின்ற ஆள், மற்றவர்கள் எருசலேமுக்கு நடக்க, தான் மட்டும் அந்தியோக்கியாவிலேயே குந்திவிட்டான். பேரரசுக்குச் சொந்தமாக இருந்த நகரங்களைப் பிடித்தால் திருப்பித் தருவேன் என்று பைசாந்தியப் பேரரசன் அலெக்சியோசுக்குச் சத்தியம் வேறு செய்திருக்கிறான். அப்போ இவன் பக்தனா, காணி பிடிக்க வந்தவனா? முன்வரிசையில் ஓய்வுபெற்ற வாத்திமார் இருப்பார்கள், குறுக்குக் கேள்வி கேட்பார்கள், விளக்கமாகச் சொல்லுங்கோ.

கிட்டங்கி:
பிள்ளை, அவன்ர வீட்டுக் கணக்கிலிருந்து தொடங்குங்கோ. தகப்பன் ரொபேர்ட் கிஸ்கார், நோர்மண்டியிலிருந்து தென் இத்தாலிக்கு வாள் ஒன்றை நம்பி வந்து 1059இல் அப்புலியாவுக்கும் கலாபிரியாவுக்கும் டியூக் ஆனவர். பொஹெமண்ட் அவருக்கு மூத்த பிள்ளை. ஆனால் தாயின் கலியாணம் நெருங்கிய இரத்த உறவு என்று சொல்லி ரத்தாகிவிட்டது. தகப்பன் பிறகு சலேர்னோ இளவரசி சிக்கல்கைத்தாவை முடித்தார். 1085இல் அவர் சாக, டியூக் பட்டம் அவள் பெற்ற ரோஜருக்குப் போனது. தேசவழமை (யாழ்ப்பாணச் சொத்து வழக்கம்) தெரிந்த எங்கட ஆட்களுக்கு ஒரே வரியில் சொல்லலாம்: முதுசம், அதாவது பரம்பரைச் சொத்து, தம்பிக்குப் போக, மூத்தவனுக்குத் தானாக உழைத்துச் சேர்க்கிற தேடியதேட்டம்தான் வழி. தம்பியோடு சண்டை பிடித்து தாரந்தோவையும் பாரியையும் எடுத்தான், அதோடு நின்றது.

1096இல் அமால்பி நகரத்தை முற்றுகையிட்டுக்கொண்டு இருக்கும்போதுதான் சிலுவைப் படைகள் அந்த வழியால் போவதைக் கண்டான். தானும் சிலுவைப் போருக்குப் போகச் சபதம் எடுத்தான். முற்றுகையில் நின்ற ஆட்களில் பெரும்பகுதி இவனுக்குப் பின்னால் போய்விட, தம்பியும் சிசிலியில் இருந்து வந்த சித்தப்பனும் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டியதாயிற்று. அப்போது வயது நாற்பது தாண்டிவிட்டது, துள்ளித் திரிகிற இளவரசன் என்று மட்டும் சொல்லிவிடாதீங்கோ.

பண்ணைக்காற்று:
இன்னொன்றும் இருக்கு. இவனும் அலெக்சியோசும் புது ஆட்கள் இல்லை. 1081இல் தகப்பனும் மகனுமாகத்தான் பேரரசுக்குள் படையோடு இறங்கி திராக்கியத்தை (Dyrrhachium, இன்றைய அல்பேனியாவின் துரெஸ் துறைமுகம்) பிடித்தார்கள், பிறகு லரிசாவில் இவன் அலெக்சியோசிடம் அடிவாங்கித் திரும்பினான். அதே ஆள் 1097இல் கொன்ஸ்தாந்திநோபிள் வாசலில் நண்பனாக வந்து நின்றால் எப்படியிருக்கும்? பேரரசனின் மகள் அன்னா கொம்னேனா எழுதியதில் ஒரு சாப்பாட்டுக் கதை இருக்கிறது. அரண்மனையிலிருந்து சமைத்த சாப்பாட்டையும் கூடவே பச்சை இறைச்சியையும் அனுப்புகிறார்கள், நம்பிக்கை இல்லாவிட்டால் உங்கட ஆட்களை வைத்துச் சமையுங்கோ என்று. பொஹெமண்ட் சமைத்ததைத் தொடவில்லை, தன் ஆட்களுக்குத் தாராளமாகப் பகிர்ந்துவிட்டு, பச்சை இறைச்சியைத் தன் சமையல்காரரிடம் கொடுத்தான். மறுநாள் ஆட்களிடம் எப்படி இருக்கிறது என்று கேட்டானாம். ஒரு பிழையும் இல்லை என்றார்கள். பயந்தது நச்சுக்குத்தான் என்று அப்போது சொன்னானாம். அன்னாவுக்கு அவனைப் பிடிக்காது, அதனால் உப்புக் கொஞ்சம் கூடியிருக்கலாம், ஆனால் இருபக்கமும் ஒருவரையொருவர் எவ்வளவு நம்பினார்கள் என்பதற்கு இதைவிட வேறு கதை தேவையில்லை.

வடலி:
நன்றி, சாப்பாட்டுக் கதை கட்டாயம் சொல்லுவன். ஆனால் சத்தியத்தை முறித்ததற்கு அவன் என்ன நியாயம் சொன்னான்?

கிட்டங்கி:
நியாயம் வலுவாகவே இருந்தது, அதுதான் ஆளின் கெட்டித்தனம். முற்றுகை 1097 ஒக்ரோபரில் தொடங்கியது. குளிர்காலத்தில் படை பட்டினி, குதிரைகள் செத்து விழுந்தன. பெப்ரவரியில் பேரரசனின் தளபதி தாத்திகியோஸ் ஆட்களோடு கிளம்பிப் போய்விட்டார். அதற்கிடையில் பொஹெமண்ட் கோட்டைக்குள் ஒரு கோபுரத்துக்குப் பொறுப்பாக நின்ற ஃபிரூஸ் என்பவனைக் கைக்குள் போட்டுக்கொண்டான். ஆனால் மற்றப் பிரபுக்களிடம் அதைச் சொல்லவில்லை! நகரத்தை யார் பிடிக்கிறாரோ அவருக்கே நகரம் என்று வாக்குத் தாருங்கோ என்று மட்டும் கேட்டான். முதலில் ஒத்துக்கொள்ளவில்லை. மோசுலிலிருந்து கெர்போகா பெரிய படையோடு வருகிறான் என்ற செய்தி வந்ததும், பேரரசன் உதவிக்கு வராவிட்டால் சரி என்று இறங்கி வந்தார்கள்.

1098 ஜூன் 3 விடியப்புறம் ஏணி வைத்து ஏறினார்கள். ஏறியவர்கள் கொஞ்சப்பேர், பொஹெமண்ட் கீழே நிற்கிறான். இவ்வளவு பேர்தானா, அந்த வீரன் எங்கே என்று ஃபிரூஸ் பதறினானாம். பிறகு ஏணி முறிந்து, மேலே போனவர்கள் இருட்டில் மதிலைத் தடவி ஒரு சின்ன வாசலைத் திறந்துவிட்டார்கள். நகரம் விழுந்த சில நாளில் கெர்போகா வந்து, பிடித்தவர்களையே உள்ளே வைத்து முற்றுகையிட்டான். நகரம் விழ முதல்நாளே தப்பி ஓடியிருந்த புளோவா பிரபு ஸ்டீபன், எல்லாம் முடிந்தது என்று வழியில் அலெக்சியோசிடம் சொல்ல, அவர் படையைத் திருப்பிக்கொண்டு போய்விட்டார். பொஹெமண்டுக்கு வேறென்ன வேண்டும்? ஜூன் 28இல் வெளியே இறங்கிக் கெர்போகாவை அடித்தார்கள். கையைவிட்டது பேரரசன், இனி எனக்கு என்ன கடமை என்று நின்றுகொண்டான். துலூஸ் பிரபு ரேமண்ட் மட்டும் கடைசிவரை விடவில்லை, நகரத்தில் ஒரு பகுதியைப் பிடித்துக்கொண்டிருந்தார். 1099 தொடக்கத்தில் ரேமண்ட் தெற்கே நடக்க, இவன் அவருடைய ஆட்களையும் வெளியேற்றிவிட்டான்.

குருநகரான்:
ஒருபக்கமாகவே கதைக்கிறீர்கள் அண்ணை. 1099 நத்தாருக்கு அவன் எருசலேமுக்குப் போய்த் தன் யாத்திரையை முடித்துவிட்டான். அதோடு காணி பிடித்தது இவன் மட்டுமா? இன்னொரு சிலுவைப் போர்த் தலைவர் பால்ட்வின் 1098 மார்ச்சிலேயே எதெசா நகரத்தை எடுத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார், பிறகு எருசலேமுக்கு அரசரும் ஆனார். சத்தியம் பேசிய ரேமண்டே பின்னாளில் திரிப்போலியைச் சுற்றி வளைத்துக்கொண்டு கிடந்து 1105இல் செத்தார், நகரம் விழுந்தது 1109இல். பக்தியும் காணி ஆசையும் ஒரே ஆளுக்குள் இருக்கலாம், வாத்திமார் கேட்டால் அப்படியே சொல்லுங்கோ. அந்தியோக்கியாவை நிலைநிறுத்தியது பொஹெமண்டின் சகோதரி மகன் தாங்கிரெட் என்பதையும் விட்டுவிடாதீங்கோ. 1100இல் பொஹெமண்ட் தானிஷ்மெந்து துருக்கரிடம் பிடிபட்டு 1103 வரை சிறையில் இருந்தான், நாட்டைப் பெருப்பித்தது தாங்கிரெட்தான். வெளியே வந்து ஐரோப்பா போய், பிரெஞ்சு அரசன் முதலாம் பிலிப்பின் மகளை முடித்து, 1107இல் திரும்பவும் திராக்கியத்தில் மோதி, 1108இல் தேவோலில் அலெக்சியோசுக்குக் கீழ்ப்பட்டவன் என்று எழுதிக் கொடுத்தான். தாங்கிரெட் அந்தத் தாளை மதிக்கவேயில்லை.

வடலி:
எழுதிக் கொடுத்தது என்றதும் யாழ்ப்பாணத்தில் எதிர்மன்னசிங்கம் 1591இல் போர்த்துக்கேயருக்குக் கீழ் அரசனானது நினைவு வருகிறது. ஒப்பிட்டால் பிழையா?

பண்ணைக்காற்று:
கொஞ்சம் இழுவையாகத்தான் இருக்கும். யாழ்ப்பாண அரசின் தலைநகர் நல்லூரில் போர்த்துக்கேயருக்குப் பின்னால் கோவா இருந்தது, கோவாவுக்குப் பின்னால் போர்த்துக்கல் முடி இருந்தது. பொஹெமண்டுக்குப் பின்னால் ஒருவரும் இல்லை, தேவோலுக்குப் பிறகு அந்தியோக்கியாவுக்குத் திரும்பாமல் 1111இல் இத்தாலியில் செத்துப்போனான். ஆனாலும் நாடு 1268இல் எகிப்து சுல்தான் பைபர்ஸ் பிடிக்கும் வரைக்கும் நின்றது. ஆளில்லாமல் நாடு எப்படி நின்றது என்று கேட்டுவிட்டு தாங்கிரெட்டுக்கு வாங்கோ, பேச்சு தானாக ஓடும். கொன்ஸ்தாந்திநோபிளை 1204இல் கொள்ளையடித்தது நான்காம் சிலுவைப் போர், அதையும் இழுத்தால் நேரம் காணாது.