விடுமுறையில் சாயோங் மண்பாண்டப் பட்டறை: பிள்ளைகளுக்கு ஒரு நாள் போதுமா?

கேள்வி: சிப்புட் மகள்

அனைவருக்கும் வணக்கம். சுங்கை சிப்புட் வட்டாரத்து ரப்பர் தோட்டம் ஒன்றில் பிறந்து வளர்ந்த நான், திருமணத்துக்குப் பின் ஜொகூர் பாருவில் வசித்து வருகிறேன். அம்மா இன்னமும் சுங்கை சிப்புட் பட்டணத்தில்தான் இருக்கிறார். வரும் ஆண்டிறுதிப் பள்ளி விடுமுறையில் ஒரு வாரம் அவருடன் தங்கப் போகிறோம். அந்த வாரத்தில், கோலகங்சாருக்கு எதிரே பேராக் ஆற்றின் மறுகரையில் உள்ள சாயோங்கில், என் பிள்ளைகள் இருவரையும் ஒரு மண்பாண்டப் பட்டறையில் உட்கார வைக்க விரும்புகிறேன். மகனுக்குப் பன்னிரண்டு வயது, மகளுக்கு ஒன்பது.

தோட்டத்து லயத்தில் நாங்கள் குடியிருந்த காலத்தில் லாபு சாயோங் எனப்படும் மண் தண்ணீர்க் குடுவை ஒன்று அடுப்படியில் எப்போதும் இருந்தது. பால்மரம் வெட்டிவிட்டு வரும் அப்பா அதில் உள்ள தண்ணீரைத்தான் குடிப்பார். அந்தக் கறுப்புக் குடுவை மண்ணிலிருந்து எப்படி உருவாகிறது என்பதைப் பிள்ளைகள் கண்ணால் பார்க்க வேண்டும், கையாலும் செய்து பார்க்க வேண்டும் என்பது என் ஆசை.

அரை நாளோ ஒரு நாளோ நடக்கும் பட்டறையில் பிள்ளைகள் உண்மையில் ஏதாவது கற்றுக்கொள்வார்களா, அல்லது செய்து வைத்த பொருளுக்குச் சாயம் பூசிவிட்டுத் திரும்புவார்களா? அவர்கள் செய்த பொருளை அந்த ஒரு வாரத்துக்குள் வீட்டுக்கு எடுத்து வர முடியுமா? எழுபது வயதான அம்மாவும் உடன் வர ஆசைப்படுகிறார். முழங்கால் வலி உள்ளவர் அங்கே சிரமமின்றி இருக்க முடியுமா? அனுபவம் உள்ளவர்கள் வழிகாட்டுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

பதில்: கங்சார்வாசி

சகோதரிக்கு வணக்கம். நான் கோலகங்சாரில் வசிப்பவன். வெளியூரிலிருந்து உறவினர்கள் வந்தால் சாயோங்குக்கு அழைத்துச் செல்வது என் வழக்கம். உங்கள் அம்மா வீட்டிலிருந்து காரில் ஏறக்குறைய அரை மணி நேரப் பயணம்தான்.

பதிவு செய்வதற்கு முன், பிள்ளைகள் பச்சை மண்ணிலிருந்து தொடங்குவார்களா, இல்லை அச்சில் வார்த்த குடுவையின் மேல் பூவேலை மட்டும் செய்வார்களா என்பதைப் பட்டறைக்காரரிடம் தெளிவாகக் கேட்டுவிடுங்கள். இன்று கடைக்கு வரும் குடுவைகளில் பெரும்பாலானவை பிளாஸ்டர் அச்சில் வார்க்கப்பட்டவை. களிமண்ணைக் கூழாகக் கரைத்து அச்சுக்குள் ஊற்றுகிறார்கள். பிளாஸ்டர் நீரை உறிஞ்சிக்கொள்ள, அச்சின் உட்புறத்தை ஒட்டி மண் ஓடாகப் படிகிறது. மீதிக் கூழைக் கவிழ்த்துக் கொட்டிவிட்டு, ஓடு சற்று இறுகியதும் அச்சைப் பிரித்து எடுக்கிறார்கள். பிழைப்புக்காகச் செய்கிறவர்கள் இந்த முறையைக் கையாள்வதில் எந்தத் தவறும் இல்லை. ஆனால் விடுமுறையில் கற்க வரும் பிள்ளைக்கு அதில் செய்வதற்கு அதிகம் இருக்காது.

பழைய முறையில் சக்கரம் கிடையாது. அடித்தட்டு ஒன்றை வைத்து, மண்ணைத் திரியாக உருட்டி, ஒன்றின் மேல் ஒன்றாக வளைத்து அடுக்கி, இணைப்புகளை விரலால் தேய்த்து மறைத்து, வயிற்றையும் இடுப்பையும் கழுத்தையும் படிப்படியாக எழுப்புவார்கள். இது தலைமுறை தலைமுறையாகப் பெண்களின் கைவேலையாக இருந்து வந்தது. நான் பார்த்த ஒரு மூதாட்டி, வாய் விளிம்பைச் சீராக்கும்போது நனைத்த துணித்துண்டு ஒன்றை இரு விரல்களுக்கு நடுவே மடித்துப் பிடித்திருந்தார். குடுவையும் அசையவில்லை, பிடித்த கையும் தளரவில்லை. அவரே குடுவையைச் சுற்றிப் பக்கவாட்டில் அடியெடுத்து வைத்து நகர்ந்தார். ஒரு சுற்று முடிந்தபோது விளிம்பு வட்டமாகிவிட்டது. உங்கள் மகள் இதைப் பார்த்தாலே போதும் என்று எனக்குத் தோன்றுகிறது.

பாதி காய்ந்த பதத்தில் வழுவழுப்பான கூழாங்கல்லால் தேய்த்து மெருகேற்றுவார்கள். செதுக்கிய மரக்கட்டைகளை அழுத்திப் பூக்களையும் மூங்கில் குருத்து வடிவங்களையும் பதிப்பார்கள். இந்த இரண்டு வேலைகளையும் ஒன்பது வயதுப் பிள்ளை நன்றாகவே செய்யும். கறுப்பு நிறம் சாயத்தால் வருவதன்று. சூளையிலிருந்து கனன்றுகொண்டிருக்கும் குடுவையை நீண்ட இரும்புக் கம்பியால் எடுத்து நெல் உமிக்குள் புதைப்பார்கள். உமி கருகி எழும் புகைதான் அதைக் கறுப்பாக்குகிறது. அந்த இடத்தில் பிள்ளைகளைத் தள்ளியே நிறுத்துங்கள்.

அம்மாவைப் பற்றிக் கவலைப்பட வேண்டாம். பல இடங்களில் மேசையும் நாற்காலியும் உண்டு; முன்கூட்டியே சொல்லி வைத்தால் நிழலான இடத்தில் அமர வைப்பார்கள். எந்தப் பட்டறை வெளியாரை ஏற்றுக் கற்பிக்கிறது என்பதை, கோலகங்சார் அருகே எங்கோரில் உள்ள, அரசின் கைவினை மேம்பாட்டு அமைப்பான கிராப்தாங்கான் மலேசியாவின் பேராக் கிளையிலும் விசாரித்துப் பார்க்கலாம்.

பதில்: மண்வேலை ஆசிரியை

நான் பள்ளியில் கலைக்கல்வி கற்பிப்பவள்; மாணவர்களோடு களிமண் வேலையும் செய்து வருகிறேன். பொருளை ஒரு வாரத்துக்குள் எடுத்து வர முடியுமா என்ற கேள்விக்கு மட்டும் விரிவாகப் பதில் சொல்ல விரும்புகிறேன், ஏனெனில் விடுமுறைப் பட்டறைகளில் பெற்றோருக்கு மனத்தாங்கல் ஏற்படுவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான்.

கையால் செய்த பாண்டம் மெதுவாகக் காய வேண்டும். காயும்போதும் சுடும்போதும் மண் சுருங்கும். இரண்டையும் சேர்த்தால் அளவில் பத்தில் ஒரு பங்கு வரை குறைவது சாதாரணம். மெல்லிய விளிம்பு முதலில் காய்ந்து சுருங்க, தடித்த அடிப்பாகம் ஈரமாகவே நின்றால், இரண்டுக்கும் இடையில் விரிசல் விழும். அதனால்தான் துணியோ பிளாஸ்டிக் தாளோ போர்த்தி நிழலில் வைக்கிறோம். ஆண்டிறுதி மழைக்காலத்தில் காற்றிலேயே ஈரம் நிறைந்திருப்பதால், பிள்ளைகள் தடிமனாகச் செய்யும் பொருள் முற்றாகக் காய ஒரு வாரம் போதாமல் போகலாம்.

ஈரம் மிச்சமிருக்கும் பாண்டத்தைச் சூளையில் வைத்தால், உள்ளே இருக்கும் நீர் 100 பாகை செல்சியஸில் ஆவியாகி, வெளியேற வழியின்றிச் சுவரையே வெடிக்கச் செய்யும். ஒன்று வெடித்தால் பக்கத்தில் உள்ளவையும் உடையும். ஆகையால், நல்ல பட்டறைக்காரர் யாரும் விருந்தாளியின் அவசரத்துக்காக ஈர மண்ணைச் சூளையில் வைக்கமாட்டார். அப்படி மறுப்பவரைக் கண்டால் நம்பிப் பிள்ளைகளை ஒப்படையுங்கள்.

சுடாமலேயே வாங்கிக்கொண்டு ஜொகூர் பாரு வரை காரில் கொண்டு செல்லலாம் என்று எண்ணுபவர்கள் இருக்கிறார்கள். நான் அதைப் பரிந்துரைக்கமாட்டேன். காய்ந்த பச்சை மண் தொட்டாலே நொறுங்கும் நிலையில் இருக்கும். தண்ணீர் பட்டால் மறுபடியும் சேறாகிவிடும். மண்ணின் துகள்களுக்குள் பிணைந்திருக்கும் நீர் ஏறக்குறைய 500, 600 பாகையில் வெளியேறிய பிறகுதான் அது மீண்டும் கரையாத பொருளாக மாறுகிறது. வீட்டு அடுப்பு அந்த வெப்பத்தை எட்டாது. உங்கள் அம்மா வீடு பக்கத்திலேயே இருப்பது மற்றப் பயணிகளுக்கு வாய்க்காத வசதி. பொருளைப் பட்டறையிலேயே விட்டுவிட்டு, அடுத்த சூளைப்போட்டில் சுட்டு எடுத்து வைக்கச் சொல்லுங்கள். உறவினர் யாராவது வாங்கி வைத்தால் தைப்பொங்கலுக்கோ சீனப் பெருநாளுக்கோ வரும்போது பெற்றுக்கொள்ளலாம். பெயரைத் தாளில் எழுதி ஒட்டினால் நிற்காது. ஈரமாக இருக்கும்போதே அடிப்பக்கத்தில் குச்சியால் பிள்ளைகளின் பெயரைக் கீறி வையுங்கள்.

பிள்ளைகள் பெரிய குடுவைக்கு ஆசைப்படுவார்கள். உள்ளங்கை அளவுள்ள கிண்ணமோ சிறு குடுவையோ போதும் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். சுவர் சீராக இருக்கிறதா என்று விரலால் தடவிப் பார்க்கும் பழக்கம் ஏற்பட்டாலே அன்றைய பாடம் நிறைவேறியதாக நான் கருதுவேன்.

பதில்: சிலாங்கூர் ஆற்றங்கரையான்

அக்காவுக்கு வணக்கம். சாயோங்குக்குச் செல்வதோடு, தெற்கே திரும்பும் வழியில் கோல சிலாங்கூர்ப் பக்கம் திரும்பி, கம்போங் குவாந்தானையும் பார்த்துவிட்டுச் செல்லுமாறு கேட்டுக்கொள்கிறேன். மின்மினிப் பூச்சிகளைப் பார்க்க அங்கே செல்பவர்கள் பலர். அதே வட்டாரத்தில் தமிழ்க் குடும்பங்கள் தலைமுறைகளாகப் பானை வனைந்து வருவதை நம்மவர்களே பலர் அறியாமல் இருப்பது எனக்கு மிகுந்த வருத்தம் தரும் விஷயம். பொங்கல் பானை, அகல் விளக்கு, கோயிலுக்கான தீச்சட்டி ஆகியவை அங்கே மண்ணிலிருந்து உருவாகின்றன.

சாயோங்கில் திரி அடுக்கும் முறையைப் பார்த்துவிட்டு இங்கே வரும் பிள்ளைக்கு வேறுபாடு உடனே விளங்கும். நம் குயவர் மரபில் சக்கரம்தான் அடிப்படை. சுழலும் மண்ணில் கட்டைவிரல் இறங்கியதும் வாய் திறக்கிறது. இரு கைகளுக்கும் நடுவே சுவர் எழுகிறது. பெரிய பானையானால், சக்கரத்திலிருந்து நூலால் அறுத்து எடுத்து, சற்று இறுகிய பின் உள்ளே கல்லை அணைத்துப் பிடித்து, வெளியே மரப்பலகையால் தட்டித் தட்டி அடிப்பாகத்தை உருண்டையாக்குவது பழைய வழக்கம். அந்த உருண்டை வடிவம் அழகுக்காக மட்டும் அன்று. மூலையில்லாத அடியில் வெப்பம் சீராகப் பரவுவதால் அடுப்பில் எளிதில் வெடிக்காது.

ஒரு வேண்டுகோள். தைப்பொங்கலுக்கு முந்தைய வாரங்கள் அவர்களுக்கு ஆண்டின் மிக நெருக்கடியான காலம். மழையும் சேர்ந்துகொண்டால் பானைகளைக் காய வைப்பதே பெரும்பாடு. முன்னறிவிப்பின்றிச் சென்று, பிள்ளைகளைச் சக்கரத்தில் உட்கார வையுங்கள் என்று கேட்பது முறையாகாது. தொலைபேசியில் கேட்டுவிட்டுச் செல்லுங்கள். கற்பிக்க நேரமில்லை என்று சொன்னால், அருகில் நின்று பார்த்துவிட்டு, உங்கள் வீட்டுப் பொங்கலுக்கு ஒரு பானை வாங்கி வாருங்கள். கேட்ட விலையைக் கொடுங்கள்.

சிப்புட் மகள்

மூவருக்கும் உளமார்ந்த நன்றி. வந்த மறுநாளே சாயோங்குக்குச் சென்று பிள்ளைகளைச் செய்ய வைப்பது, பொருளை அங்கேயே விடுவது, ஊர் திரும்புவதற்கு முன் சூளை திறக்கும் நாள் ஒன்றைக் கேட்டு மறுபடியும் சென்று பார்ப்பது என்று முடிவு செய்திருக்கிறேன். கம்போங் குவாந்தானுக்கும் முன்கூட்டியே அழைத்துக் கேட்டுவிடுவேன். இன்னும் ஒரு கேள்வி: பழையபடி குடிநீர் வைப்பதற்கு ஒரு லாபு சாயோங் வாங்க வேண்டும் என்று அம்மா சொல்கிறார். கடையில் எப்படிப் பார்த்து வாங்குவது?

பதில்: மண்வேலை ஆசிரியை

பளபளவென்று வார்னிஷ் பூசியதை வாங்க வேண்டாம். அது அலங்காரத்துக்கு மட்டுமே. பூச்சில்லாத மண்சுவரில் நீர் மெல்லக் கசிந்து, வெளிப்புறத்தில் ஆவியாகும்போது வெப்பத்தை எடுத்துச் செல்வதால்தான் உள்ளே இருக்கும் தண்ணீர் குளிர்கிறது. பூச்சு அந்தத் துளைகளை அடைத்துவிடும். கையில் தூக்கி விரல் முட்டியால் தட்டிப் பாருங்கள். மணி போன்ற ஓசை வந்தால் நல்லது, மழுங்கிய ஓசை வந்தால் கண்ணுக்குத் தெரியாத விரிசல் இருக்கலாம். குடிநீர் வைப்பதற்கு ஏற்றதா என்று விற்பவரிடமே நேரடியாகக் கேட்டு வாங்குங்கள். வீட்டுக்கு வந்ததும் நீர் நிரப்பி ஓர் இரவு வைத்துக் கொட்டிவிட்டு, புகை வாசம் போகும் வரை அதையே திரும்பச் செய்யுங்கள். அடியில் கசியும் என்பதால் ஒரு தட்டின் மேல் வையுங்கள்.

பதில்: கங்சார்வாசி

ஒரு சிறு குறிப்பு மட்டும். பட்டறைக்காரர்கள் பெரும்பாலும் மலாய்க்காரர்கள் என்பதால், வெள்ளிக்கிழமை நண்பகல் தொழுகைக்காக மூடியிருப்பார்கள். அந்த நாளைத் தவிர்த்துவிடுங்கள். பிற்பகலில் மழை பிடித்துக்கொள்ளும் பருவம் என்பதால், காலையிலேயே போய்ச் சேருமாறு புறப்படுங்கள். பிள்ளைகளுக்கு மாற்றுடை ஒன்றையும் எடுத்து வாருங்கள்.