ஜோனி மிட்செல் கச்சேரிப் படம்: அந்த பேஸ் கிடார் பக்கவாத்தியமா, இன்னொரு பாட்டா?

மஞ்சக்குப்பம் வயலின்:
வணக்கம். கடலூர் மஞ்சக்குப்பத்தில் வீட்டிலேயே கர்நாடக வயலின் சொல்லிக்கொடுக்கிறேன். பிளஸ் டூ படிக்கும் மாணவி ஒருத்தி பென் டிரைவில் 'ஷாடோஸ் அண்ட் லைட்' படத்தைக் கொண்டுவந்து கொடுத்தாள். கனடாப் பாடகி ஜோனி மிட்செல் 1979 செப்டம்பரில் கலிஃபோர்னியாவின் சாண்டா பார்பராவில் பாடிய கச்சேரி, 1980இல் வந்த படம். அவருடைய 'புளூ' ஆல்பம் எனக்கு நல்ல பழக்கம். ஒரு கிடாரோ பியானோவோ, கூட அந்தக் குரல், பெரும்பாலும் அவ்வளவுதான். இங்கே பின்னால் ஒரு ஜாஸ் கூட்டமே நிற்கிறது.

எனக்குப் புரியாதது பேஸ் கிடார் வாசிக்கும் ஜாக்கோ பாஸ்டோரியஸ். எங்கள் மேடையில் வயலின்காரர் பாடுகிறவரை ஒட்டியே வாசிப்பார், அவர் மூச்சு வாங்கும் இடத்தில்தான் மேலே வருவார். இந்த மனிதர் வரி முடியும் முன்பே உள்ளே வந்துவிடுகிறார். சில இடங்களில் பாட்டுக்கு எதிராகவே போகிறார். ஆனாலும் பாட்டு கெடவில்லை. ஏன் கெடவில்லை என்று தெரிந்தவர்கள் சொல்லுங்கள். பெரிய பிள்ளைகளுக்குப் போட்டுக்காட்ட ஆசை, எந்தப் பாட்டில் தொடங்கலாம்? நான் லேப்டாப்பில்தான் பார்த்தேன்.

முத்தியால்பேட்டை பேஸ்:
வணக்கம் டீச்சர். புதுச்சேரியில் ஞாயிற்றுக்கிழமை சர்ச்சிலும் மற்ற நாட்களில் ஹோட்டலிலும் பேஸ் வாசிக்கிறேன். பேஸ் பிடிக்கிற யாரிடம் கேட்டாலும் இந்தப் படத்தைப் பற்றி விடிய விடியப் பேசுவார்கள், அதனால் நீளமாக எழுதினால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் லேப்டாப்பை விடுங்கள். பேஸின் அடித்தந்தி 41 ஹெர்ட்ஸ். லேப்டாப் ஸ்பீக்கருக்கு அந்த ஆழம் எட்டாது, நீங்கள் கேட்டது மேல்பாதி மட்டும். நல்ல ஹெட்போனோ ஸ்பீக்கரோ வேண்டும்.

ஜாக்கோவின் பேஸில் ஃப்ரெட் (விரல்பலகையில் குறுக்கே பதித்த உலோகக் கம்பி) கிடையாது. இருந்த ஃப்ரெட்டுகளைப் பிடுங்கிவிட்டு, பள்ளங்களை அடைத்து, மேலே படகுக்குப் பூசும் எபாக்ஸியைப் பூசினார் என்பார்கள். ஆக உங்கள் வயலின் மாதிரி வெறும் பலகை. ஸ்வரம் விட்டு ஸ்வரம் வழுக்கும் ஜாரு, அசைவு எல்லாம் பேசுகிறது. நானும் ஃப்ரெட் இல்லாத ஒன்று வைத்திருக்கிறேன். விரல் ஒரு நூல் தள்ளிப் போனாலும் சுருதி விலகிவிடும், உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

இப்போது உங்கள் கேள்வி. பாட்டு ஏன் கெடவில்லை என்றால், இடம் விட்டு வைத்ததே ஜோனிதான். ஒன்பது வயதில் போலியோ வந்து அவருடைய இடதுகை பலவீனமானது. வழக்கமான கார்டு (பல ஸ்வரங்களைச் சேர்த்து ஒலிக்கும் பிடி) பிடிப்பது சிரமம், அதனால் தந்திகளை வேறு வேறு சுருதிக்கு மாற்றிக் கட்டினார். மேற்கத்திய வயலினை எடுத்து ச-ப-ச-ப என்று நாம் மாற்றிக் கட்டவில்லையா, அது போல. அப்படிக் கட்டியதில் பிறந்த கார்டுகள் ஒரு முடிவுக்கு வந்து உட்காராமல் தொங்கிக்கொண்டே இருக்கும். ராக் ஆட்கள் அடியில் ஒரே ஸ்வரத்தைக் குத்தினால் அந்தத் தொங்கல் செத்துப்போகும். "உங்களுக்கு ஜாஸ் ஆட்கள்தான் சரிப்படுவார்கள்" என்று அவரோடு வாசித்த ஒரு டிரம்மரே சொன்னாராம். ஜாக்கோ 1976இல் 'ஹெஜீரா' ஆல்பத்தில் வந்து சேர்ந்தார். அடியில் தூண் நடாமல் பாட்டின் பக்கத்திலேயே இன்னொரு மெட்டு பாடினார். குரல் கீழே இறங்கும்போது இவர் மேலே ஏறுவதைக் கவனியுங்கள். ஒருவர் காலை மற்றவர் மிதிக்கவே மாட்டார்.

'கயோட்டி'யில் தொடங்குங்கள். அதில் ஜோனி ஏறக்குறையப் பேசுகிறார், மூச்சுவிடாமல் சொற்கள் கொட்டுகின்றன. அந்த வேகத்தில் இரண்டு மெட்டும் தனித்தனியாகக் காதில் விழும். ஜாக்கோவின் சோலோவைக் கடைசியில் போடுங்கள். டிலே கருவியில் ஒரு துண்டை வாசித்துச் சுற்றவிட்டு, அதன்மேலேயே வாசிக்கிறார்.

கடலூர் ஓ.டி.:
எனக்கு 'கயோட்டி' சரிப்படாது மேடம். வயலின் பிள்ளைகளுக்கு விரல்தான் தெரிய வேண்டும். அந்தப் பாட்டில் மேடையை விட்டுவிட்டு அடிக்கடி ஓநாய்ச் சாதி விலங்கு ஒன்றைக் காட்டுகிறார்கள். இப்படிப்பட்ட கூட்டம் சேர்ந்தும் வெட்டு வெட்டென்று வெட்டியிருப்பது எனக்கு இன்றும் தாங்கவில்லை. கிடாரில் இருபத்தைந்து வயது பாட் மெத்தீனி, கீபோர்டில் லைல் மேஸ், சாக்ஸபோனில் மைக்கேல் பிரெக்கர், இவர்களைச் சும்மா காட்டியிருந்தாலே போதும்.

என்னைக் கேட்டால் 'குட்பை போர்க் பை ஹேட்'. சாக்ஸபோன் கலைஞர் லெஸ்டர் யங் 1959இல் இறந்தபோது அவர் நினைவாக ஜாஸ் பேஸ் கலைஞர் சார்லஸ் மிங்கஸ் போட்ட மெட்டு அது. மிங்கஸ் நோயில் விழுந்து சக்கர நாற்காலியில் இருந்த காலத்தில் ஜோனியோடு சேர்ந்து பாட்டுகள் செய்தார். 1979 ஜனவரியில் போய்விட்டார். ஜோனி இந்த மெட்டுக்கு வார்த்தை எழுதினார், அது உள்ள 'மிங்கஸ்' ஆல்பம் ஜூனில் வந்தது, செப்டம்பரில் இந்த மேடை. எனக்கு அது அஞ்சலியாகவே கேட்கிறது. பாட்டும் நிதானமானது, பிள்ளைகளால் பின்தொடர முடியும்.

முத்தியால்பேட்டை பேஸ்:
அண்ணன் சொல்வது நியாயம், வெட்டுகள் எனக்கும் உறுத்தும். ஆனால் 'கயோட்டி'யைக் கண்ணை மூடிக்கொண்டு கேட்கலாமே. அப்புறம் டீச்சர், மிருதங்கம் படிக்கிற பையன்கள் இருந்தால் டிரம்மர் டான் அலியாஸின் தனி வாசிப்பைத் தவறவிடாதீர்கள். அது முடியாமலே 'ட்ரீம்லேண்ட்' பாட்டுக்குள் போய்விடும்.

மஞ்சக்குப்பம் வயலின்:
இருவருக்கும் நன்றி. தம்பி, கார்டு உட்காராமல் தொங்குகிறது என்றீர்களே, அதைப் படித்துவிட்டு ஹெட்போனில் 'ஹெஜீரா' கேட்டேன். சா-வில் நிற்காமல் நி-யிலும் ரி-யிலும் மாறி மாறி நின்று விளையாடும் ஆலாபனை கேட்கிற சுகம் இருக்கிறது. பாடுகிறவர் நின்றாலும் பேஸ் நிற்கவில்லை. இதை எங்கள் பக்கவாத்திய முறையோடு ஒப்பிட்டுக் குறை சொல்ல முடியாது, கணக்கே வேறு.

முதலில் படத்தைக் காட்டாமல் 'கயோட்டி'யைக் காதால் மட்டும் கேட்கவைக்கப் போகிறேன், பேஸின் மெட்டை வயலினில் எடுத்து வாசிக்கச் சொல்லி. பிறகு 'போர்க் பை ஹேட்' படத்தோடு. மாணவியின் அண்ணன் ஸ்பீக்கர் கொண்டுவருகிறானாம். எதற்கும் கேட்கிறேன், 41 ஹெர்ட்ஸ் வரை இறங்க என்ன அளவு ஸ்பீக்கர் வேண்டும்?

முத்தியால்பேட்டை பேஸ்:
வீட்டு ஹாலுக்கு எட்டு இஞ்ச் சப்வூஃபர் (அடி ஒலிக்கென்றே உள்ள ஸ்பீக்கர்) இருந்தால் தாராளம். சுவர் மூலையில் மட்டும் வைக்காதீர்கள், அடி ஒலி குழம்பி ஸ்வரம் தெரியாமல் போகும்.