ரோமில் உணவு நடை: சைவம் சாப்பிடும் அம்மாவுக்கு ஒத்துவருமா?

வணக்கம். மார்ச்சில் அம்மாவும் நானும் ரோம் போகிறோம். வழிகாட்டியோடு நடந்து, கடைக்குக் கடை நின்று ருசிபார்க்கும் சுற்றுலாவில் சேர ஆசை. ரோமின் டெஸ்டாச்சோ பகுதியா, டிராஸ்டெவரே பகுதியா என்று முடிவெடுக்க முடியவில்லை. டெஸ்டாச்சோவில் 1975 வரை இறைச்சிக்கூடம் இயங்கியது. குடல், வால் சமையலுக்குப் பேர்போன இடம். எனக்கு அது வேண்டும். அம்மாவோ சுத்த சைவம், முட்டையும் தொடமாட்டார்.

பெரிய சிக்கல் சீஸ்தான். காச்சோ எ பெப்பே என்கிற சீஸ், மிளகு பாஸ்தாவில் போடும் பெக்கொரினோ ரொமானோ என்கிற செம்மறியாட்டுப் பால் சீஸை ஆட்டுக்குட்டியின் இரைப்பையிலிருந்து எடுக்கும் நொதியை வைத்துத்தான் உறையவைக்கிறார்கள். தெரிந்தே அதை அம்மாவுக்குக் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை. சுப்ளி என்கிற சோற்று உருண்டைக்குள்ளும் பெரும்பாலும் கறி இருக்கும். பழைய யூதக் குடியிருப்பில் முழுசாகப் பொரித்துத் தரும் ஆர்டிசோக் என்கிற பூமொட்டுக் காயையும், தக்காளி மட்டும் தடவிய பீட்சாவையும்தான் நம்பியிருக்கிறேன். நல்லவேளை, மார்ச் ஆர்டிசோக் பருவம்.

சைவம் சாப்பிடுபவரை இப்படிக் கூட்டிப்போனவர்கள் இருக்கிறீர்களா? முன்கூட்டிச் சொன்னால் சீஸ் இல்லாமல் தருகிறார்களா? ஒயினுக்குப் பதில் வேறு பானம் கிடைக்குமா? அம்மாவுக்கு முட்டிவலி வேறு. அந்தக் கருங்கல் பாவிய தெருக்களில் நடுநடுவே உட்கார விடுவார்களா? எந்தப் பகுதி நல்லது என்று அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்களேன். இந்த வாரமே பதிவு செய்யவேண்டும்.