சுருளி அருவிக்கு அம்மாவுடன் ஒருநாள்: போய் வந்தவர்கள் சொல்லுங்கள்

வணக்கம். வரும் ஞாயிறு அம்மாவை மதுரையிலிருந்து சுருளிக்கு அழைத்துப் போகிறேன். அப்பாவுக்குத் திதி கொடுத்த இடம். இன்னொரு முறை அந்தத் தண்ணீரில் நனைய வேண்டும் என்று வருடக்கணக்காகக் கேட்கிறார். ஆரப்பாளையத்தில் விடியற்காலை கம்பம் பஸ் ஏறி, இரவுக்குள் திரும்ப எண்ணம். சுற்றுலா வேன் வேண்டாம். அவர் நிதானத்துக்கு நடக்க வேண்டும்.

அது ஸ்ரீவில்லிபுத்தூர் மேகமலை புலிகள் காப்பகக் காடு. யானை நடமாட்டமோ வெள்ளமோ இருந்தால் வனத்துறை குளிக்கத் தடை விதித்துவிடும். அவ்வளவு தூரம் போய் அம்மா ஏமாறக் கூடாது. அன்றைய நிலவரத்தை முதல்நாளே யாரிடம் விசாரிப்பது? முழங்கால் வலி உள்ளவருக்கு நுழைவாயிலிலிருந்து அருவி வரை வண்டி கிடைக்குமா? அருவியிலிருந்து கம்பத்துக்குக் கடைசி பஸ் எத்தனை மணிக்கு? தடை என்றால் பெரியகுளம் கும்பக்கரை அருவிக்குப் போகலாமா? அங்கே பாறை வழுக்கும் என்பதுதான் என் பயம்.