பதவி உயர்வுக்கு எந்த நாள் கணக்கு: பணியேற்ற நாளா, தகுதி பெற்ற நாளா?

கிள்ளியூர் ஆசிரியை:
2008இல் இடைநிலை ஆசிரியையாக (தொடக்க வகுப்புகளுக்கு) பணியேற்றேன். பி.ஏ. தமிழும் பி.எட்.டும் பணிப்பதிவேட்டில் ஏறி வட்டாரக் கல்வி அலுவலர் கையெழுத்தும் ஆகிவிட்டது. ஆசிரியர் தகுதித் தேர்வு (டெட்) மட்டும் எழுதவில்லை. பணியில் எனக்கு நான்கு ஆண்டு இளையவர் அந்தத் தேர்வின் தாள் 2இல் (பட்டதாரி ஆசிரியருக்கானது) தேர்ச்சி பெற்றிருப்பதால், பட்டதாரி ஆசிரியர் பதவி உயர்வு அவருக்குத்தான் என்கிறார்கள். என் மூப்புக்கு மதிப்பே இல்லையா?

தக்கலை வாத்தியார்:
இருக்கிறது டீச்சர். தகுதித் தேர்வைக் கொண்டுவந்த தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்தின் 23.8.2010 அறிவிக்கைக்கு முன்பே பணியில் இருந்தவர்களுக்குப் புதிய தகுதி வேண்டாம் என்று அந்த அறிவிக்கையே விலக்கு அளித்தது. அதை நம்பிப் பதினைந்து ஆண்டு பாடம் நடத்தியவர்களைத் தேர்வு எழுதிவிட்டு வா என்பது பாதி ஆட்டத்தில் எல்லைக் கோடுகளை அழித்து வரைவது போல.

தோவாளைக்காரன்:
வாத்தியார் சார், அந்த விலக்கு வேலையில் நீடிப்பதற்கு. மேலே ஏறுவதற்கு அல்ல. 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் இதைச் சொன்னது. 1.9.2025 அன்று உச்ச நீதிமன்றம் இன்னும் கடுமையாகச் சொன்னது: ஓய்வுக்கு ஐந்து ஆண்டுக்கு மேல் இருப்பவர்கள் இரண்டே ஆண்டில் தேர்ச்சி பெற வேண்டும். ஐந்துக்குக் கீழே என்றால் தேர்ச்சி இல்லாமலே வேலை நிலைக்கும், பதவி உயர்வு கிடையாது.
டீச்சர், மூப்பு வேறு, தகுதி வேறு. தகுதியுள்ளவர்களுக்குள் யார் முதலில் என்பதைத்தான் மூப்பு தீர்மானிக்கும். பதவி உயர்வுப் பட்டியல் ஜனவரி 1 நிலவரப்படி எடுக்கிறார்கள். பிப்ரவரியில் தேர்ச்சி பெற்றால் அடுத்த ஜனவரிப் பட்டியல்தான். அதற்குள் இளையவர் பட்டதாரி ஆசிரியர் ஆகிவிட்டால், அந்தப் பதவியில் அவர்தான் உங்களுக்கு மூத்தவர்.

தக்கலை வாத்தியார்:
சட்டம் பேசுகிறீர்கள், சரி. ஓய்வு நெருங்கிய ஐம்பத்தாறு வயதுக்காரருக்கு நீதிமன்றமே இரக்கம் காட்டியிருக்கிறதே, அப்படியானால் அநியாயம் இருப்பது அவர்களுக்கும் தெரிந்திருக்கிறது. ஐம்பத்து நான்கு வயதுக்காரர் என்ன பாவம் செய்தார்?

மார்த்தாண்டம் உதவிபெறும் பள்ளி:
எங்கள் மாவட்டத்தில் பாதிப் பேச்சு இதில்தான் சிக்கும். சிறுபான்மைப் பள்ளிகளுக்குக் கல்வி உரிமைச் சட்டம் பொருந்துமா என்ற கேள்வியை அதே உச்ச நீதிமன்றத் தீர்ப்பு பெரிய அமர்வுக்கு அனுப்பியிருக்கிறது. ஆகவே எங்கள் பள்ளிகளுக்கு எந்த நாள் கணக்கு என்று எங்களிடம் கேட்காதீர்கள்.

தோவாளைக்காரன்:
ஐம்பத்து நான்கு வயதுக்கு என்னிடம் பதில் இல்லை சார். எங்கே கோடு போட்டாலும் ஒருவர் வெளியே நிற்பார். ஆனால் இந்த டீச்சருக்கு அந்த வயது இல்லையே. மனு எழுதிக்கொண்டிருக்கும் நேரத்தில் தாள் 2க்குப் படிக்கலாம். தேர்ச்சிச் சான்றிதழ் 2021 முதல் ஆயுள் முழுவதும் செல்லும். ஒரு தடவை போதும்.

கிள்ளியூர் ஆசிரியை:
படிக்கிறேன் அண்ணாச்சி. ஆனால் 21.12.2023 அரசாணை 243 வந்த பிறகு ஊராட்சி ஒன்றிய அளவிலான முன்னுரிமைப் பட்டியல் போய் மாநில அளவிலான முன்னுரிமைப் பட்டியல் ஆகிவிட்டதே. தேர்ச்சி பெற்றுக் கிருஷ்ணகிரிக்கு ஆணை வந்தால், அரைப்பரீட்சை விடுமுறைக்கு மட்டும் பிள்ளைகளைப் பார்க்கவா?

தக்கலை வாத்தியார்:
அதைத்தான் முதலில் கேட்டிருக்க வேண்டும் டீச்சர். அந்த ஆணையை எதிர்த்துச் சங்கங்கள் போராடியது சும்மாவா? தனியாக ஒரு இழை தொடங்குங்கள், நான் வருகிறேன்.

தோவாளைக்காரன்:
நானும் வருகிறேன். அங்கே நான் உங்கள் பக்கம் சார்.